நைஜல் நீல்

நைஜல் நீல் (ஏப்ரல் 18, 1922 – அக்டோபர் 29, 2006) ஒரு பிரித்தானியத் தொலைக்காட்சி நாடக எழுத்தாளரும் திரைக்கதை ஆசிரியரும் ஆவார். இவரது முழுப்பெயர் தாமஸ் நைஜல் நீல். குடும்பத்தாரும் நண்பர்களும் இவரை டாம் என அழைத்தனர். 1953ஆம் ஆண்டில் பிபிசி தொலைக்காட்சியில் ஒளிபரப்பான தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட் என்னும் அறிவியல் புனைகதைத் தொடரும், ஜார்ஜ் ஆர்வெல்லின் 1984 புதினத்தைத் தழுவி 1954இல் இவர் எழுதிய நாடகமும் இவருக்குப் பெரும்புகழ் தேடித் தந்தன. 1946 முதல் 1997 வரை ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் வானொலி, தொலைக்காட்சி, திரைப்படம் ஆகியவற்றுக்காக எழுதினார்.

பிரித்தானியத் தொலைக்காட்சி நாடகத்தை உருவாக்கிய முன்னோடிகளுள் ஒருவராகக் கருதப்படும் இவரது பெயர், தம் நாட்டுக்கு வெளியே பரவலாக அறியப்படவில்லை. இவர் எழுதிய காலத்துத் தொலைக்காட்சியின் இயல்பு இதற்கு ஒரு முக்கிய காரணமாகும். இவரது நாடகங்கள் பலவும் நேரடியாக நடிக்கப்பட்டு அப்போதே ஒளிபரப்பப்பட்டன. சில பதிவு செய்யப்படவே இல்லை. பதிவானவற்றுள் சில பின்னர் அழிந்தன. இவர் உருவாக்கிய புகழ்பெற்ற கதைமாந்தரின் உரிமையும் தொடக்கத்தில் இவரிடம் இருக்கவில்லை.

பிறப்பும் இளமைக்காலமும்

நைஜல் நீல் இங்கிலாந்தின் வடமேற்குக் கரையில் அமைந்த பாரோ-இன்-பர்னஸ் என்னும் கப்பல் கட்டும் நகரில் பிறந்தார். இவரது பெற்றோர் மாண் தீவைச் சேர்ந்தவர்கள். இவருக்கு ஆறு வயதானபோது, 1928இல், குடும்பம் மாண் தீவுக்குத் திரும்பியது. இத்தீவு இங்கிலாந்துக்கும் அயர்லாந்துக்கும் இடையிலுள்ள ஐரியக் கடலில் அமைந்துள்ளது. பிரித்தானிய முடியாட்சியின் கீழ் இருப்பினும், ஐக்கிய இராச்சியத்தின் பகுதியாக இல்லாமல், தனக்கெனத் தனி நாடாளுமன்றமும் சட்டங்களும் கொண்டது. தனி மொழியும், பேய், குட்டிச்சாத்தான் முதலியவை பற்றிய வளமான நாட்டார் நம்பிக்கைகளும் உடையது. பிற்காலத்தில் அறிவியலையும் பழைய நம்பிக்கைகளையும் ஒரே கதையில் இணைத்து எழுதிய நீலுக்கு இச்சூழல் அடித்தளமாக அமைந்தது எனலாம்.

இவரது தந்தை தீவின் தலைநகரான டக்ளசில் ஒரு செய்தித்தாளின் உரிமையாளராகவும் ஆசிரியராகவும் இருந்தார். நீல் டக்ளசிலுள்ள செயின்ட் நினியன் உயர்நிலைப் பள்ளியில் பயின்றார். பின்னர் வழக்கறிஞர் ஒருவரிடம் சேர்ந்து சட்டப் பயிற்சி பெற்றார். ஆயினும் அத்துறையில் இவருக்கு ஈடுபாடு ஏற்படவில்லை. சிறுவயது முதலே வெளிச்சத்தைக் கண்கள் தாங்க இயலாத குறைபாடு இவருக்கு இருந்தது. இரண்டாம் உலகப் போர் தொடங்கியபோது படையில் சேர முன்வந்தும், இக்குறைபாடு காரணமாக உடல் தகுதியற்றவர் என மறுக்கப்பட்டார்.

சிறுகதைகளும் வானொலியும்

நீலின் எழுத்து வாழ்க்கை சிறுகதைகளில் தொடங்கியது. 1946 மார்ச் 25 அன்று டொமேட்டோ கெய்ன் என்னும் தமது சிறுகதையை பிபிசி வானொலியில் தாமே வாசித்தார். இதுவே இவரது முதல் ஒலிபரப்பாகும். அதே ஆண்டில் இலண்டன் சென்று, வேந்திய நாடகக் கலைக் கழகத்தில் நடிப்புப் பயின்றார். படிப்பு முடிந்தபின் ஸ்ட்ராட்போர்டு நகரிலுள்ள சேக்சுபியர் நினைவு அரங்கில் சிறு வேடங்களில் சில காலம் நடித்தார்.

1949இல் டொமேட்டோ கெய்னும் பிற கதைகளும் என்னும் இவரது சிறுகதைத் தொகுதி வெளியானது. புகழ்பெற்ற புதின ஆசிரியர் எலிசபெத் போவன் இதற்கு முன்னுரை எழுதினார். இத்தொகுதிக்கு 1950ஆம் ஆண்டு சாமர்செட் மாம் விருது வழங்கப்பட்டது. இளம் எழுத்தாளர்களுக்கு அளிக்கப்படும் இவ்விருதைத் தொடர்ந்து, நடிப்பைக் கைவிட்டு முழுநேர எழுத்தாளரானார். 1897இல் மாண் தீவின் சுரங்கம் ஒன்றில் நேர்ந்த பேரிடரை அடிப்படையாகக் கொண்டு இவர் எழுதிய தி லாங் ஸ்டேர்ஸ் என்னும் வானொலி நாடகம் 1950இல் ஒலிபரப்பானது.

சிறுகதை எழுத்தாளராக நல்ல தொடக்கம் கிடைத்திருந்தபோதிலும், நீல் புதினம் எழுதும் வழியில் செல்லவில்லை. அக்காலத்தில் இலக்கிய உலகினரால் பெரிதாக மதிக்கப்படாதிருந்த தொலைக்காட்சியைத் தேர்ந்தெடுத்தார்.

பிபிசியில் பணி

1951இல் பிபிசி தொலைக்காட்சியின் நாடகப் பிரிவில் பணியாளர் எழுத்தாளராக நீல் சேர்ந்தார். அப்பிரிவின் தலைவரான மைக்கேல் பேரி, புதிய எழுத்துகளுக்கென அவ்வாண்டு தமக்கு ஒதுக்கப்பட்டிருந்த 250 பவுண்டு முழுவதையும் இவரை அமர்த்துவதற்கே செலவிட்டார். அன்றைய தொலைக்காட்சி நாடகம் எந்த அளவு எளிய நிலையில் இருந்தது என்பதை இத்தொகை காட்டுகிறது. மேடை நாடகங்களையும் புதினங்களையும் சிறிது மாற்றிப் படப்பிடிப்புக் கூடத்தில் நடித்துக் காட்டுவதே அப்போது பெருவழக்காக இருந்தது. தொலைக்காட்சிக்கென்றே எழுதப்படும் நாடகம் அரிதாகும்.

இங்கு இவருக்கு ருடால்ஃப் கார்டியர் என்னும் தயாரிப்பாளரின் நட்பு கிடைத்தது. வியன்னாவில் பிறந்த கார்டியர், ஜெர்மானியத் திரைத்துறையில் பணியாற்றி, நாசி ஆட்சியின்போது அங்கிருந்து வெளியேறிய யூதர். பிரித்தானியத் தொலைக்காட்சி நாடகம் மந்தமாகவும், அறைக்குள் அடைபட்டதாகவும் இருப்பதாக இருவரும் கருதினர். பெரிய களம், விரைவான காட்சி மாற்றம், முன்கூட்டியே படமெடுத்த வெளிப்புறக் காட்சிகளை நேரடி நடிப்புடன் இணைத்தல் ஆகியவற்றைக் கொண்டு அதை மாற்ற முயன்றனர். 1952இல் ஒளிபரப்பான ஏரோ டு தி ஹார்ட் என்னும் நாடகமே இவர்கள் முதன்முதலாக இணைந்து பணியாற்றியதாகும்.

தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட்

1953ஆம் ஆண்டு கோடையில் சனிக்கிழமை இரவு நிகழ்ச்சி நிரலில் ஏற்பட்ட இடைவெளியை நிரப்ப ஆறு வாரத் தொடர் ஒன்று தேவைப்பட்டது. அதற்காக நீல் எழுதியதே தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட். முதற்பகுதி ஒளிபரப்பானபோது இறுதிப் பகுதிகளை அவர் எழுதி முடித்திருக்கவில்லை.

கதைத்தலைவரான பேராசிரியர் பெர்னார்டு குவாட்டர்மாஸ், பிரித்தானிய விண்கலத் திட்டமொன்றின் தலைவர். குவாட்டர்மாஸ் என்னும் பெயரை இலண்டன் தொலைபேசி விவரக் கையேட்டிலிருந்து நீல் எடுத்தார். மாண் தீவின் குடும்பப் பெயர்கள் பல ஆங்கிலத்தின் கியூ எழுத்தில் தொடங்குவதால் இப்பெயர் அவரை ஈர்த்தது. பெர்னார்டு என்பது வானியலாளர் பெர்னார்டு லவலின் பெயரிலிருந்து பெறப்பட்டது.

மூவருடன் விண்வெளிக்குச் சென்ற கலம் பூமியில் வந்து விழுகிறது. கதவு பூட்டியபடியே இருக்க, உள்ளே ஒருவர் மட்டுமே காணப்படுகிறார். மற்ற இருவரும் இல்லை; ஆனால் அவர்களது நினைவுகளும் அறிவும் எஞ்சியவரிடம் உள்ளன. அவர் சிறிது சிறிதாகத் தாவரம் போன்ற உயிரியாக மாறுகிறார். இறுதிக் காட்சி இலண்டனின் வெஸ்ட்மின்ஸ்டர் மடாலயத்தில் நிகழ்கிறது. அவ்வுயிரியைக் குவாட்டர்மாஸ் ஆயுதத்தால் வெல்வதில்லை. அதனுள் இன்னும் எஞ்சியிருக்கும் மூன்று மனிதர்களின் மனச்சான்றிடம் பேசி, அவர்களாகவே அதை எதிர்த்து அழியச் செய்கிறார். அறிவியலாளர் ஒருவர் தம் செயலின் விளைவுக்குத் தாமே பொறுப்பேற்று நிற்பதே இக்கதையின் மையமாகும்.

இத்தொடர் 1953 சூலை 18 முதல் ஆகத்து 22 வரை வட இலண்டனிலுள்ள அலெக்சாந்திரா அரண்மனையிலிருந்து நேரடியாக ஒளிபரப்பானது. 1936இல் பிபிசி தொலைக்காட்சி தொடங்கப்பட்டதும் இதே கட்டடத்தில்தான். ஆறு பகுதிகளுக்கும் சேர்த்து ஏறத்தாழ 4,000 பவுண்டு மட்டுமே செலவிடப்பட்டது. எனவே இறுதிக் காட்சியின் உயிரியை நீலும், அப்போது அவர் மணக்கவிருந்த ஜூடித் கெர்ரும் தாமே செய்தனர். கையுறைகளில் தோல் துண்டுகளையும் இலைதழைகளையும் ஒட்டினர். மடாலயத்தின் உட்புறத்தைக் காட்டும் பெரிய புகைப்படத்தில் துளையிட்டு, அதன் வழியே கையுறை அணிந்த தம் கைகளை நீட்டி அசைத்தவர் நீலே ஆவார். அதே ஆண்டு சூன் 2 அன்று அம்மடாலயத்தில் நடந்த இரண்டாம் எலிசபெத்தின் முடிசூட்டு விழாவைப் பல இலட்சம் மக்கள் தொலைக்காட்சியில் கண்டிருந்தனர். சில வாரங்களுக்குள் அதே இடத்தில் இவ்வுயிரி தோன்றியது மக்களிடையே பெரும் தாக்கத்தை ஏற்படுத்தியது. முதற்பகுதியை 34 இலட்சம் பேரும் இறுதிப் பகுதியை 50 இலட்சம் பேரும் பார்த்தனர்.

1984 நாடகம்

ஜார்ஜ் ஆர்வெல்லின் 1984 புதினம் 1949இல் வெளியானது. நீலின் திரைக்கதையில் கார்டியர் தயாரித்த இதன் நாடக வடிவம் 1954 டிசம்பர் 12, ஞாயிற்றுக்கிழமை இரவு நேரடியாக ஒளிபரப்பப்பட்டது. வின்ஸ்டன் ஸ்மித்தாகப் பீட்டர் குஷிங், ஜூலியாவாக இவோன் மிச்செல், ஓ'பிரையனாக ஆந்திரே மொரெல் ஆகியோர் நடித்தனர்.

எல்லாவற்றையும் கண்காணிக்கும் அரசு ஒன்றின் கொடுமையைக் காட்டும் இந்நாடகம், குறிப்பாகச் சித்திரவதைக் காட்சிகள், கடும் எதிர்ப்பைக் கிளப்பின. தொலைபேசியிலும் கடிதங்கள் வாயிலாகவும் பலர் பிபிசியிடம் முறையிட்டனர். நாடாளுமன்றத்தில் உறுப்பினர் சிலர் கண்டனத் தீர்மானம் கொண்டுவந்தனர். வேறு சிலர் நாடகத்துக்கு ஆதரவாகத் திருத்தங்கள் கொடுத்தனர். அக்காலத்தில் ஒரு நாடகத்தை மறுபடியும் காட்ட வேண்டுமெனில், நடிகர்கள் மீண்டும் கூடத்துக்கு வந்து முழுவதையும் நடிக்க வேண்டும். டிசம்பர் 16 அன்று நடைபெறவிருந்த இரண்டாம் ஒளிபரப்பை நிறுத்த வேண்டுமெனக் குரல்கள் எழுந்தன. பிபிசியின் ஆளுநர் குழு கூடி, திட்டமிட்டபடி நடத்த முடிவெடுத்தது. அவ்விரண்டாம் ஒளிபரப்பை 70 இலட்சம் பேர் பார்த்தனர். முடிசூட்டு விழாவுக்குப் பின் பிரித்தானியத் தொலைக்காட்சிக்குக் கிடைத்த மிகப் பெரிய பார்வையாளர் கூட்டம் இதுவாகும்.

இன்று எஞ்சியிருப்பது இரண்டாம் ஒளிபரப்பின் பதிவே. அரசின் தலையீடின்றித் தொலைக்காட்சி நாடகம் தன் வழியில் செல்லலாம் என்பதற்கு ஒரு முன்மாதிரியாக இந்நிகழ்வு கூறப்படுகிறது.

குவாட்டர்மாஸ் II

1955 செப்டம்பர் 22 அன்று ஐடிவி என்னும் தனியார் தொலைக்காட்சி தொடங்கப்பட்டதுடன், பிபிசியின் தனியுரிமை முடிவுக்கு வந்தது. போட்டியைச் சமாளிக்க மக்களைக் கவரும் தொடர் ஒன்று பிபிசிக்குத் தேவைப்பட்டது. அவ்வாண்டு அக்டோபர் 22 முதல் நவம்பர் 26 வரை குவாட்டர்மாஸ் II ஒளிபரப்பானது. முதல் தொடரில் பேராசிரியராக நடித்த ரெஜினால்டு டேட் ஆகத்து மாதத்தில் திடீரென இறந்துவிட்டதால், ஜான் ராபின்சன் அவ்வேடத்தை ஏற்றார்.

செயற்கை உணவு தயாரிப்பதாகக் கூறப்படும் இரகசிய ஆலை ஒன்றில் வேற்றுலக உயிரிகள் வளர்க்கப்படுவதும், அரசின் உயர் அலுவலர்களே அவற்றின் வசப்பட்டிருப்பதும் இக்கதையாகும். எசெக்ஸ் மாவட்டத்தின் ஷெல் ஹேவன் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையில் வெளிப்புறக் காட்சிகள் படமாக்கப்பட்டன. போருக்குப் பின் பிரித்தானிய நாட்டுப்புறத்தில் பெருகிய இரகசிய அரசு நிலையங்களைப் பற்றிய மக்களின் ஐயத்தை இத்தொடர் வெளிப்படுத்தியது. இதனை 90 இலட்சம் பேர் வரை பார்த்தனர்.

படைப்புரிமையும் பதவி விலகலும்

முதல் தொடரின் வெற்றியைக் கண்ட ஹாமர் திரைப்பட நிறுவனம், அதன் திரைப்பட உரிமையை பிபிசியிடமிருந்து வாங்கியது. வால் கெஸ்ட் இயக்கத்தில் 1955இல் வெளியான அப்படம் பெருவெற்றி பெற்று, ஹாமர் நிறுவனம் திகில் படங்களின் பக்கம் திரும்பக் காரணமாயிற்று. ஆனால் நீல் பிபிசியின் பணியாளராக இருந்து எழுதியதால், கதையின் உரிமை முழுவதும் நிறுவனத்துக்கே உரியதாகக் கொள்ளப்பட்டது. திரைப்பட விற்பனையில் அவருக்குப் பங்கு கிடைக்கவில்லை.

பணத்தைவிடக் கதை மாற்றப்பட்டதே நீலை அதிகம் வருத்தியது. அமெரிக்கச் சந்தையைக் கருதிக் குவாட்டர்மாஸ் வேடம் பிரையன் டான்லெவி என்னும் அமெரிக்க நடிகருக்குக் கொடுக்கப்பட்டது. தன் செயலின் விளைவுகளை எண்ணிக் கலங்கும் அறிஞர், படத்தில் எவரையும் மதிக்காது உத்தரவிடும் முரடராக மாறினார். மனச்சான்றிடம் முறையிடும் முடிவு நீக்கப்பட்டு, உயிரி மின்சாரம் பாய்ச்சிக் கொல்லப்பட்டது. கதையின் பொருளே இதனால் மாறிவிட்டதாக நீல் வாழ்நாள் முழுவதும் கருதினார்.

இரண்டாம் தொடரின் திரைப்பட வடிவம் 1957இல் வெளியானபோது, நீலும் திரைக்கதையில் பங்கேற்றார். எனினும் மீண்டும் டான்லெவியே நடித்ததை அவரால் தடுக்க இயலவில்லை. 1950களின் பிற்பகுதியில் பணியாளர் எழுத்தாளர் பொறுப்பிலிருந்து விலகிய நீல், அதன்பின் தனி ஒப்பந்தங்களின் அடிப்படையில் மட்டுமே எழுதினார். குவாட்டர்மாஸ் பாத்திரத்தைப் படைத்ததற்காக பிபிசி பிற்காலத்தில் அவருக்கு 3,000 பவுண்டு வழங்கியது.

குவாட்டர்மாஸ் அண்ட் தி பிட்

மூன்றாம் தொடரான குவாட்டர்மாஸ் அண்ட் தி பிட், 1958 டிசம்பர் 22 முதல் 1959 சனவரி 26 வரை ஒளிபரப்பானது. இதுவே நீலின் மிகச் சிறந்த படைப்பு எனப் பலரும் கருதுவர். ஆந்திரே மொரெல் பேராசிரியராக நடித்தார்.

இலண்டனில் கட்டடப் பணிக்காகக் குழி தோண்டும்போது தொன்மையான மண்டையோடுகளும், அவற்றை அடுத்து ஒரு கலமும் கிடைக்கின்றன. போரில் வீசப்பட்டு வெடிக்காத குண்டு எனப் படையினர் கருதும் அக்கலம், ஐம்பது இலட்சம் ஆண்டுகளுக்கு முன் செவ்வாய்க் கோளிலிருந்து வந்தது என்பது தெரியவருகிறது. அழிந்துகொண்டிருந்த செவ்வாய் வாசிகள் பூமியின் மனிதக் குரங்குகளை மாற்றியமைத்து, தம் இயல்புகளை அவற்றில் பதித்துச் சென்றனர். தம் கூட்டத்தினின்று வேறுபட்டவர்களைக் கொன்றொழிக்கும் வெறி அவற்றுள் ஒன்று. கலம் விழித்தெழும்போது இலண்டன் மக்கள் தம்மை மறந்து, தம்மைப் போன்று அல்லாதவர்களைத் தாக்கத் தொடங்குகின்றனர். பேய், பிசாசு என மனிதர்கள் அஞ்சியவை இப்பழைய நினைவின் எச்சங்களே எனக் கதை விளக்குகிறது.

இத்தொடர் ஒளிபரப்பான ஆண்டின் கோடையில் இலண்டனின் நாட்டிங் ஹில் பகுதியில் மேற்கிந்தியத் தீவுகளிலிருந்து குடியேறிய கருப்பினத்தவர் மீது தாக்குதல்கள் நடந்தன. அவ்வகை வெறுப்பு எங்கிருந்து வருகிறது என்னும் வினாவையே நீல் அறிவியல் கதையாக்கினார். நாம் எதிர்த்துப் போராட வேண்டிய வேற்றுலகத்தார் நம்முள்ளேயே இருக்கின்றனர் என்பதே இதன் முடிவாகும். இறுதிப் பகுதியை 1 கோடியே 10 இலட்சம் பேர் பார்த்தனர். இதன் திரைப்பட வடிவத்தை ராய் வார்டு பேக்கர் இயக்கத்தில் ஹாமர் நிறுவனம் 1967இல் வெளியிட்டது. இதற்கு நீலே திரைக்கதை எழுதினார். ஆண்ட்ரூ கீர் பேராசிரியராக நடித்தார்.

திரைப்படங்கள்

ஜான் ஆஸ்பர்னின் லுக் பேக் இன் ஆங்கர் (1959), தி என்டர்டெய்னர் (1960) ஆகிய நாடகங்களின் திரைப்பட வடிவங்களில் நீல் பணியாற்றினார். இரண்டையும் டோனி ரிச்சர்ட்சன் இயக்கினார். இவற்றுக்காகப் பிரித்தானியத் திரைப்படக் கழகத்தின் விருதுக்கு நீல் பரிந்துரைக்கப்பட்டார். எச். ஜி. வெல்சின் புதினத்தைத் தழுவிய பர்ஸ்ட் மென் இன் தி மூன் (1964), தி விட்சஸ் (1966) ஆகியனவும் இவரது திரைக்கதைகளாகும். 1955இல் தொலைக்காட்சிக்காக எழுதிய தி கிரீச்சர் என்னும் இமயமலைப் பனிமனிதன் பற்றிய நாடகம், தி அபோமினபிள் ஸ்னோமேன் என்னும் பெயரில் 1957இல் திரைப்படமானது.

1960களின் நாடகங்கள்

1963 செப்டம்பர் 29 அன்று ஒளிபரப்பான தி ரோட் என்னும் நாடகம் பதினெட்டாம் நூற்றாண்டில் நிகழ்கிறது. காட்டினுள் ஆண்டுதோறும் ஒருநாள் இரவு பெருங்கூட்டம் அலறி ஓடும் ஓசை கேட்பதாக ஊரார் அஞ்சுகின்றனர். போரில் மாண்டவர்களின் ஆவி என அவர்கள் எண்ணுகின்றனர். அதை ஆராய வருவோரும் கேட்கின்றனர். அவ்வோசை கடந்த காலத்திலிருந்து வரவில்லை. எதிர்காலத்தில் அதே இடத்தில் அமையவிருக்கும் நெடுஞ்சாலையில், அணுகுண்டுத் தாக்குதலின்போது தப்பி ஓடும் மக்களின் குரல் அது என்பதை நாடகத்தின் முடிவு உணர்த்துகிறது. கியூபா ஏவுகணை நெருக்கடி ஏற்பட்டு ஓராண்டு கூட நிறைவடையாத வேளையில் இது ஒளிபரப்பானது.

1968 சூலை 29 அன்று பிபிசி 2இல் ஒளிபரப்பான தி இயர் ஆப் தி செக்ஸ் ஒலிம்பிக்ஸ் நாடகம், வருங்காலச் சமூகம் ஒன்றைக் காட்டுகிறது. அங்கு மக்கள்தொகையைக் கட்டுப்படுத்தவும் மக்களை அமைதிப்படுத்தவும் ஆளும் சிறுகுழு தொலைக்காட்சியைப் பயன்படுத்துகிறது. மக்கள் எதையும் செய்வதில்லை. பார்க்க மட்டுமே செய்கின்றனர். பாலியல் காட்சிகளும் அலுத்துப்போன நிலையில், ஒரு குடும்பத்தை ஆளில்லாத் தீவில் விட்டு, அவர்கள் குளிரிலும் பசியிலும் வாழப் போராடுவதை இரவும் பகலும் ஒளிபரப்புகின்றனர். பார்வையாளர்களுக்கு விறுவிறுப்பு ஊட்டுவதற்காக அவர்களுக்குத் தெரியாமல் அத்தீவுக்கு ஒரு கொலைகாரனையும் அனுப்புகின்றனர். குடும்பம் அழிவதைப் பார்த்து மக்கள் சிரிக்கின்றனர். பிக் பிரதர் போன்ற ரியாலிட்டி நிகழ்ச்சிகள் பிரித்தானியாவில் தோன்றியது 2000ஆம் ஆண்டிலாகும். அவற்றை முப்பது ஆண்டுகளுக்கு முன்பே கணித்த நாடகமாக இது இப்போது எடுத்துக்காட்டப்படுகிறது.

தி ஸ்டோன் டேப்

1972 டிசம்பர் 25 அன்று, கிறித்துமசு நாளின் பேய்க்கதையாக பிபிசி 2 ஒளிபரப்பியது தி ஸ்டோன் டேப். மின்னணு நிறுவனம் ஒன்றின் ஆய்வுக்குழு, காந்த நாடாவுக்கு மாற்றாகப் புதிய பதிவூடகம் ஒன்றைக் கண்டுபிடிக்கப் பழைய மாளிகைக்கு வருகிறது. அங்குள்ள ஓர் அறையில் பணிப்பெண் ஒருத்தியின் உருவமும் அலறலும் மீண்டும் மீண்டும் தோன்றுகின்றன. அது ஆவி அன்று, சுவரின் கற்களிலேயே பதிந்துவிட்ட பதிவு எனக் கணினி நிரலாளரான ஜில் உணர்கிறாள். அக்கல்லையே புதிய பதிவூடகமாக்கி விற்கலாம் எனக் குழுத் தலைவர் முயலும்போது அப்பதிவு அழிந்துவிடுகிறது. அதற்குக் கீழே இன்னும் பழைய பதிவு ஒன்று இருப்பதை ஜில் மட்டுமே அறிகிறாள். அதுவே அவள் உயிரைப் பறிக்கிறது. இறுதியில் அவளது அலறலும் கல்லில் பதிவாகிவிடுகிறது.

சர்ரே மாவட்டத்தில், கிங்ஸ்வுட் வாரன் என்னும் பழைய மாளிகையில் இயங்கிய பிபிசியின் ஆய்வுப் பிரிவுக்குச் சென்றுவந்த அனுபவமே நீலுக்கு இக்கதையைத் தந்தது. பீட்டர் சாஸ்டி இயக்கிய இந்நாடகத்தில் ஜில்லாக ஜேன் ஆஷர் நடித்தார். கற்கள் நிகழ்ச்சிகளைப் பதிந்துகொள்ளும் என்னும் கருத்தை, ஆவிகளைப் பற்றி ஆராய்வோர் இந்நாடகத்தின் பெயராலேயே குறிப்பிடுகின்றனர்.

தனியார் தொலைக்காட்சியில்

குவாட்டர்மாஸ் வரிசையின் நான்காம் கதையை நீல் பிபிசிக்காகவே எழுதினார். ஆயினும் 1973இல் பிபிசி அதைக் கைவிட்டது. இதன்பின் அவரது முக்கிய படைப்புகள் ஐடிவியில் வெளியாயின. விலங்குகளை மையமாகக் கொண்ட ஆறு தனிக்கதைகள் அடங்கிய பீஸ்ட்ஸ் 1976இல் ஒளிபரப்பானது. கைவிடப்பட்ட நான்காம் கதையைத் தேம்ஸ் தொலைக்காட்சியின் யூஸ்டன் பிலிம்ஸ் நிறுவனம் ஜான் மில்ஸ் நடிப்பில் நான்கு பகுதிகளாகத் தயாரித்தது. ஐடிவி ஊழியர்களின் நீண்ட வேலைநிறுத்தம் முடிவுற்றபின் 1979 அக்டோபர் 24 முதல் இது ஒளிபரப்பானது. சமூகம் சிதைந்துபோன பிரித்தானியாவில், கல்வட்டங்களில் திரளும் இளைஞர்களை விண்ணிலிருந்து வரும் கதிர் ஒன்று அறுவடை செய்வதையும், முதியவர்கள் அவர்களைக் காக்க முயல்வதையும் இக்கதை கூறுகிறது. இதில் குவாட்டர்மாஸ் தம் உயிரைக் கொடுத்து அவ்வழிவைத் தடுக்கிறார்.

1981இல் எழுதிய கின்விக் என்னும் நகைச்சுவைத் தொடர் வரவேற்பைப் பெறவில்லை. 1982இல் வெளியான ஹாலோவீன் III என்னும் அமெரிக்கப் படத்துக்கு முதல் திரைக்கதையை எழுதினார். பின்னர் சேர்க்கப்பட்ட வன்முறைக் காட்சிகளை ஏற்காமல், தம் பெயரை நீக்கிவிடுமாறு கேட்டுக்கொண்டார். சூசன் ஹில்லின் புதினத்தைத் தழுவிய தி வுமன் இன் பிளாக் 1989 டிசம்பர் 24 அன்று ஐடிவியில் ஒளிபரப்பாகிப் பெரிதும் பாராட்டப்பட்டது. கவனா கியூசி என்னும் வழக்காடு மன்றத் தொடருக்காக 1997இல் எழுதிய பகுதியே இவர் தொலைக்காட்சிக்கு எழுதிய கடைசி நாடகமாகும். நாசி வதைமுகாமில் நிகழ்ந்த குற்றங்கள் பற்றியது அது.

குடும்பம்

நீல் 1954 மே 8 அன்று ஜூடித் கெர்ரை மணந்தார். பெர்லினில் பிறந்த ஜூடித், நாடகத் திறனாய்வாளர் ஆல்பிரட் கெர்ரின் மகள். நாசிகள் ஆட்சியைக் கைப்பற்றிய 1933இல் அவரது யூதக் குடும்பம் ஜெர்மனியிலிருந்து தப்பி வந்தது. 1968இல் வெளியான தி டைகர் ஹூ கேம் டு டீ என்னும் சிறுவர் படக்கதை நூலாலும், மாக் என்னும் பூனையைப் பற்றிய நூல் வரிசையாலும் ஜூடித் உலகப்புகழ் பெற்றார். கணவரைவிட மனைவியின் பெயரே இன்று பரவலாக அறியப்பட்டுள்ளது. அவர் 2019 மே 22 அன்று காலமானார். இவர்களது மகன் மேத்யூ நீல், இங்கிலீஷ் பாசெஞ்சர்ஸ் என்னும் புதினத்தை எழுதியவர். மகள் டேசி திரைப்படச் சிறப்புத் தோற்றத் துறையில் பணியாற்றினார். நீலின் தம்பி பிரையன் நீல் ஓவியரும் சிற்பியும் ஆவார்.

எஞ்சியவையும் இழந்தவையும்

1950களின் தொடக்கத்தில் நேரடி ஒளிபரப்பைப் பதிவு செய்ய ஒரே வழிதான் இருந்தது. தொலைக்காட்சித் திரைக்கு எதிரே படச்சுருள் கருவியை வைத்து, திரையில் தெரிவதை அப்படியே படமெடுப்பதாகும். தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட் தொடரின் முதல் இரண்டு பகுதிகள் இவ்வாறு பதிவு செய்யப்பட்டன. பதிவின் தரம் நிறைவளிக்காததால் எஞ்சிய நான்கு பகுதிகள் பதிவு செய்யப்படவில்லை. அவற்றை அன்று இரவு பார்த்தவர்களைத் தவிர வேறெவரும் இனிப் பார்க்க இயலாது. மடாலயக் காட்சியும் அவற்றுள் அடங்கும்.

பின்னர் நிகழ்பட நாடா வந்தபோதும் நிலைமை பெரிதும் மாறவில்லை. நாடாவின் விலை மிகுதியாக இருந்ததால், ஒளிபரப்பு முடிந்ததும் அதனை அழித்து மீண்டும் பயன்படுத்துவது வழக்கமாயிற்று. தி கிரீச்சர், தி ரோட், ஒயின் ஆப் இந்தியா (1970) ஆகியன இன்று இல்லை. வண்ணத்தில் தயாரிக்கப்பட்ட தி இயர் ஆப் தி செக்ஸ் ஒலிம்பிக்ஸ், கருப்பு வெள்ளைப் படியாக மட்டுமே எஞ்சியுள்ளது. இரண்டாம், மூன்றாம் குவாட்டர்மாஸ் தொடர்கள் முழுமையாகக் கிடைக்கின்றன.

இழந்தவற்றை மீட்க உதவியவை நீலின் எழுத்துப் படிகளே. முதல் மூன்று தொடர்களின் எழுத்து வடிவங்களைப் பெங்குவின் நிறுவனம் 1959, 1960ஆம் ஆண்டுகளில் நூலாக வெளியிட்டது. 2005 ஏப்ரல் 2 அன்று பிபிசி 4, தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட் கதையை மீண்டும் நேரடி நாடகமாகவே ஒளிபரப்பியது. ஜேசன் பிளெமிங், டேவிட் டெனன்ட் முதலியோர் இதில் நடித்தனர். தி ஸ்டோன் டேப் 2015இலும், தி ரோட் 2018இலும் பிபிசி வானொலி 4இல் ஒலி நாடகங்களாகப் புத்துயிர் பெற்றன.

மறைவும் தாக்கமும்

அமெரிக்கத் திகில் எழுத்தாளர் சங்கம் 2001இல் பிராம் ஸ்டோக்கர் வாழ்நாள் சாதனை விருதை நீலுக்கு வழங்கியது. 2006 அக்டோபர் 29 அன்று தமது 84ஆம் அகவையில் இலண்டனில் காலமானார்.

1963இல் தொடங்கிய டாக்டர் ஹூ தொடர், குறிப்பாக அதன் 1970களின் கதைகள், குவாட்டர்மாஸ் தொடர்களுக்குப் பெரிதும் கடன்பட்டவை. அத்தொடருக்கு எழுதுமாறு கேட்கப்பட்டபோது நீல் மறுத்துவிட்டார். குழந்தைகள் பார்க்கும் நேரத்தில் அவர்களை அச்சுறுத்தும் நிகழ்ச்சி என அதை அவர் விரும்பவில்லை. அமெரிக்க இயக்குநர் ஜான் கார்ப்பென்டர், பிரின்ஸ் ஆப் டார்க்னஸ் (1987) படத்தின் திரைக்கதையில் தம் பெயருக்கு மாற்றாக மார்ட்டின் குவாட்டர்மாஸ் என்னும் புனைபெயரைப் பயன்படுத்தினார். தம்மை அறிவியல் புனைகதை எழுத்தாளராக நீல் கருதவில்லை என்பது குறிப்பிடத்தக்கது. விண்கலங்களையும் வேற்றுலகத்தாரையும்விட, அவற்றை எதிர்கொள்ளும் மனிதர் எப்படி நடந்துகொள்கின்றனர் என்பதே அவரது எழுத்தின் பொருளாக இருந்தது.

முக்கிய தொலைக்காட்சிப் படைப்புகள்

1953 – தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட் (ஆறில் இரண்டு பகுதிகள் எஞ்சியுள்ளன)
1954 – 1984 (இரண்டாம் ஒளிபரப்பு எஞ்சியுள்ளது)
1955 – தி கிரீச்சர் (எஞ்சவில்லை)
1955 – குவாட்டர்மாஸ் II (முழுமையாக உள்ளது)
1958–59 – குவாட்டர்மாஸ் அண்ட் தி பிட் (முழுமையாக உள்ளது)
1963 – தி ரோட் (எஞ்சவில்லை)
1968 – தி இயர் ஆப் தி செக்ஸ் ஒலிம்பிக்ஸ் (கருப்பு வெள்ளைப் படி மட்டும்)
1970 – ஒயின் ஆப் இந்தியா (எஞ்சவில்லை)
1972 – தி ஸ்டோன் டேப்
1976 – பீஸ்ட்ஸ்
1979 – குவாட்டர்மாஸ்
1981 – கின்விக்
1989 – தி வுமன் இன் பிளாக்